30 லட்சம் கடன்... ஒரு கோடி தவணை! 82 வயது வரை கட்டச் சொன்ன கணக்கு: குமாஸ்தா திடுக்கிட்டார்

சென்னை பாரிமுனையில் ஒரு பேப்பர் மண்டி. அங்கே 20 வருடமாகக் கணக்கு எழுதுகிறார் ஒரு குமாஸ்தா. பெயர் வேண்டாம் என்று கேட்டுக் கொண்டார். ஊரார் பாக்கியைக் கால் பைசா பிசகாமல் எழுதி வைக்கும் கை.

2023 ஏப்ரல் மாதம் ஒரு நாள். மத்தியானச் சாப்பாடு முடிந்தது. டிபன் கேரியரைக் கழுவி வைத்து விட்டு, செல்போனில் தன்னுடைய வீட்டுக் கடன் கணக்கைத் திறந்து பார்த்தார்.

"மீதித் தவணைகள்: 469."

அச்சுப் பிழை என்று நினைத்தார். கண்ணாடியைத் துடைத்துக் கொண்டு மறுபடியும் பார்த்தார். அதே 469!

20 வருடக் கடன். மொத்தமே 240 தவணை. இரண்டு வருடம் ஒரு மாதம் தவறாமல் கட்டியாகி விட்டது. 215 இருக்க வேண்டிய இடத்தில் 469 எப்படி வந்தது?

பக்கத்தில் கிடந்த துண்டுச் சீட்டில் 12-ஆல் வகுத்துப் பார்த்தார். 39 வருடம் ஒரு மாதம். கடன் முடியும் வருடம் 2062. அப்போது அவருக்கு வயது 82!

"தம்பி, எனக்கு அன்னிக்கு சோறு செரிக்கலை" என்றார் நம்மிடம். "வீட்டுக்குப் போய் சொன்னா என் சம்சாரம் சிரிக்குது. 'என்னங்க, பையன் காலேஜ் முடிச்சு, கல்யாணம் ஆகி, பேரன் பொறந்து, அவன் காலேஜ் போறப்பவும் நாம கட்டிக்கிட்டே இருக்கணுமா?'ன்னு கேட்குது. சிரிச்சுட்டு அப்புறம் அழுதுச்சு."

கொலை, கொள்ளை, குழாயடிச் சண்டை என்று எழுதிக் கொண்டிருக்கும் நாம் இந்த வட்டிக் கணக்குக்குள் புகுந்தது இப்படித்தான். திருடனும் இல்லை, கத்தியும் இல்லை. ஆனால் ஒரு மனிதனின் ஆயுளில் 21 வருடம் காணாமல் போயிருக்கிறது!

வங்கியில் நடந்தது

மறுநாள் அரை நாள் லீவு போட்டு விட்டு வங்கிக்கு ஓடினார். அங்கே இருந்த அதிகாரி சின்ன வயசுக்காரர். நல்ல மனுஷர்தான்.

"சார், நீங்க வாங்கினது மாறும் வட்டிக் கடன். வட்டி ஏறினா இ.எம்.ஐ. ஏறாது, மாசம் நீண்டுரும். சிஸ்டம் தானாவே பண்ணிடும்."

"எனக்கு யாரும் சொல்லலையே?"

"மெசேஜ் வந்திருக்கும் சார்."

வந்திருந்தது. வட்டி விகிதம் மாறியதாக நாலு குறுஞ்செய்தி. இங்கிலீஷில். லோன் வேண்டுமா, கிரெடிட் கார்டு வேண்டுமா என்று தினமும் வருகிற பத்துச் செய்திகளுக்கு நடுவே அதுவும் கிடந்தது. ஒன்றில் கூட "உங்கள் கடன் 39 வருடமாகி விட்டது" என்று எழுதியிருக்கவில்லை.

625 ரூபாய் மர்மம்

கணக்கைக் கொஞ்சம் பொறுமையாகப் பார்ப்போம். வாசகர்கள் பென்சில் எடுத்துக் கொண்டால் நல்லது.

நம்ம குமாஸ்தா 2021 பிப்ரவரியில் கூடுவாஞ்சேரி பக்கம் இரண்டு படுக்கை அறை பிளாட் வாங்கினார். கடன் 30 லட்சம். வட்டி 6.75 சதவீதம். மாதத் தவணை 22,811 ரூபாய்.

அந்தச் சமயம் வட்டி அடிமட்டத்தில் இருந்தது. கொரோனாவால் 2020 மே மாதம் ரிசர்வ் வங்கி தன் ரெப்போ வட்டியை 4 சதவீதமாக இறக்கியிருந்தது. ரெப்போ என்பது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கொடுக்கும் கடனுக்கான வட்டி. 2019 அக்டோபர் 1-ந் தேதிக்குப் பிறகு வங்கிகள் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை இது போன்ற ஒரு வெளி அளவுகோலோடு கட்டிப் போட வேண்டும் என்பது உத்தரவு. குமாஸ்தாவின் கடன் ரெப்போ கூட்டல் 2.75 சதவீதம்.

2022 மே மாதம் ரெப்போ ஏற ஆரம்பித்தது. 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தில் போய் நின்றது. ஒன்பது மாதத்தில் இரண்டரை சதவீதம்! குமாஸ்தாவின் வட்டியும் 9.25 ஆனது.

"இரண்டரை சதவீதம் தானே, இதற்கா இத்தனை அமர்க்களம்?" என்று கேட்கலாம். நாமும் கேட்டோம். அவர் நோட்டைத் திருப்பிக் காட்டினார்.

2021-ல் கட்டிய முதல் தவணை 22,811. அதில் வட்டிக்குப் போனது 16,875. அசலில் கழிந்தது 5,936.

2023 ஏப்ரலில் அதே 22,811 கட்டினார். வட்டிக்குப் போனது 22,186. அசலில் கழிந்தது வெறும் 625 ரூபாய்!

இதுதான் சூட்சுமம். தவணை மாறவில்லை. பாஸ்புக்கைப் பார்த்தால் அதே தொகைதான் மாதா மாதம் போகிறது. உள்ளே அசலுக்குப் போகிற பங்கு பத்தில் ஒன்றாகத் தேய்ந்து விட்டது. மாதம் 625 வீதம் 28 லட்சத்து 78 ஆயிரத்தை அடைக்கத் தொடங்கினால், ஆண்டுகள் நீளாமல் என்ன செய்யும்?

இன்னும் கால் சதவீதம் ஏறியிருந்தால் அசலில் கழிந்திருப்பது 25 ரூபாய். ஒரு டீ, ஒரு வடை. அதற்கும் மேலே போயிருந்தால் வட்டியே முழுசாகக் கட்டுப்படாமல், கட்டக் கட்டக் கடன் வளர்ந்திருக்கும்.

அந்த 25 மாதத்தில் அவர் கட்டிய மொத்தம் 5 லட்சத்து 70 ஆயிரம். அசல் குறைந்தது 1 லட்சத்து 22 ஆயிரம். மீதி நாலரை லட்சம் வட்டி.

வட்டி 9.25-லேயே நின்று, 469 மாதமும் அதே 22,811-ஐக் கட்டினால்? 1 கோடியே 6 லட்சத்தைத் தாண்டுகிறது. ஏற்கனவே கட்டியது தனி!

4,643 ரூபாயா, 21 வருடமா?

"சரி, பழையபடி 215 மாதத்திலேயே முடிக்க என்ன வழி?" என்று அதிகாரியைக் கேட்டிருக்கிறார்.

அதிகாரி கம்ப்யூட்டரைத் தட்டிப் பார்த்து விட்டுச் சொன்னார்: "தவணையை 27,454 ஆக்கணும் சார்."

அதாவது மாதம் 4,643 ரூபாய் கூடுதல். அப்படிக் கட்டினால் மிச்சம் கட்ட வேண்டியது 59 லட்சம். கட்டாமல் விட்டால் ஒரு கோடியே 6 லட்சத்துக்கு மேல். வித்தியாசம் 47 லட்சத்துக்கும் அதிகம். வாங்கிய கடனை விட ஒன்றரை மடங்கு!

நாற்பத்து மூன்று வயதில் மாதச் சம்பளக்காரனுக்கு 4,643 ரூபாய் சும்மா வந்து விடாது. கட்டிக் கொண்டிருந்த 2,000 ரூபாய் சீட்டை, முடிந்ததும் மறுபடி போடவில்லை. முதலாளி 1,500 சம்பளம் கூட்டிக் கொடுத்தார். மிச்சத்துக்கு அவர் மனைவி அடுக்குமாடியில் உள்ள வீடுகளுக்கு ரவிக்கை தைத்துக் கொடுக்க ஆரம்பித்தார். "தையல் மெஷின்தான் தம்பி எங்க வீட்டைக் காப்பாத்துச்சு" என்கிறார் குமாஸ்தா.

எழுதிக் கொடுத்து, அடுத்த மாதம் முதலே தவணையை ஏற்றிக் கொண்டார்.

பாதிக் கடன் தீர 14 வருடம்!

இது வட்டி ஏறியதால் வந்த வம்பு. வட்டி ஏறாமல் இருந்தாலே கதை என்ன தெரியுமா?

30 லட்சம் கடன். வட்டி 8.5 சதவீதம். கடைசி வரை மாறாது என்று வைத்துக் கொள்வோம்.

15 வருடத்தில் கட்டினால் மாதம் 29,542. மொத்தம் 53 லட்சத்து 17 ஆயிரம்.

20 வருடம் என்றால் மாதம் 26,035. மொத்தம் 62 லட்சத்து 48 ஆயிரம்.

30 வருடம் என்றால் மாதம் 23,067. மொத்தம் 83 லட்சம்!

20 வருடத்தை 30 ஆக்கினால் மாதத்துக்கு மிச்சமாவது 2,968 ரூபாய்தான். அதற்குக் கொடுக்கும் விலை இருபதரை லட்சம். "குறைந்த இ.எம்.ஐ." என்று பேனர் கட்டி விற்பது இதைத்தான்.

இன்னொன்று. 20 வருடக் கடனில் 10 வருடம் கட்டி விட்டால் பாதி தீர்ந்திருக்கும் என்றுதான் எல்லோரும் நினைக்கிறார்கள். நாமும் அப்படித்தான் நினைத்திருந்தோம். இல்லை! 30 லட்சம் அசல் 15 லட்சமாகக் குறைய 13 வருடம் 10 மாதம் ஆகிறது. வட்டி எப்போதும் நிலுவைத் தொகைக்குப் போடப்படுவதால், நிலுவை பெரிதாக இருக்கும் ஆரம்ப வருடங்களில் தவணையில் பெரும் பங்கு வட்டிக்கே போய் விடுகிறது. இதில் ஏமாற்று ஒன்றும் இல்லை. கணக்கு அப்படி.

ஏழாம் வருடம் வீட்டை விற்று விட்டுக் கடனை அடைக்கலாம் என்று போகிறவர்கள் திகைத்து நிற்பது இதனால்தான்.

கூடவே ஒட்டிக் கொள்ளும் செலவுகள்

வீட்டின் விலை முழுவதையும் வங்கி தராது. 30 லட்சம் வரை உள்ள கடனுக்கு 90 சதவீதம் வரை தரலாம். அதற்கு மேல் 80, 75 என்று இறங்கும். மீதி நம் கையிலிருந்து. பத்திரப் பதிவு தனி. தமிழ்நாட்டில் கிரயத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம். பதிவுக் கட்டணம் 4 சதவீதமாக இருந்தது, 2023-ல் 2 ஆனது. இந்தப் பணத்துக்காகத்தான் பலர் நகையை அடகு வைக்கிறார்கள், கைமாற்று வாங்குகிறார்கள். அந்த வட்டியை வீட்டுக் கணக்கில் யாரும் சேர்ப்பதில்லை.

பிறகு வங்கியின் செயலாக்கக் கட்டணம், வக்கீல் கருத்துக்குப் பணம், மதிப்பீட்டாளர் கட்டணம், அசல் பத்திரத்தை வங்கியில் ஒப்படைக்கும் ஆவணத்துக்குச் செலவு. (பத்திரத்தை ஒப்படைப்பதே அடமானம் ஆகும் என்ற இந்த ஏற்பாட்டுக்கு 1882-ம் வருடச் சட்டம் பெயர் சொல்லிக் குறிப்பிட்ட மூன்று ஊர்களில் சென்னையும் ஒன்று!)

பெரிய வேலை ஒன்று இன்சூரன்சில் நடக்கிறது. "சார், உங்களுக்கு ஒண்ணு ஆச்சுன்னா குடும்பம் தெருவில் நிக்கக் கூடாது இல்லையா?" என்பார்கள். நியாயமான பேச்சுதான். ஆனால் ஒரு லட்சம் பிரீமியத்தைக் கையில் வாங்காமல், கடனோடு சேர்த்து விடுவார்கள். 20 வருடம், 8.5 சதவீதம் வட்டியோடு அந்த ஒரு லட்சம் 2 லட்சத்து 8 ஆயிரம் ஆகி விடும். காப்பீடு வேண்டியதுதான். அதை வெளியே, வருடா வருடம் பிரீமியம் கட்டும் பாலிசியாக எடுத்தால் என்ன ஆகும் என்று விசாரித்து விட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

கட்டி முடியாத பிளாட் என்றால் இரட்டைத் தலைவலி. இந்தப் பக்கம் வாடகை, அந்தப் பக்கம் வெளியே போன கடனுக்கு வட்டி. பில்டர் இழுத்தடிக்கும் ஒவ்வொரு மாதமும் நம் பாக்கெட்டிலிருந்து போகிறது, அசலில் ஒரு பைசா கழியாது. குடி போன பிறகு அரையாண்டுக்கு ஒரு முறை சொத்து வரி, தண்ணீர் லாரி, லிப்ட், வாட்ச்மேன், மாத மெயின்டனன்ஸ். வாடகை வீட்டில் இருக்கும் போது "ஓனர் பார்த்துக்குவார்" என்று விட்டதெல்லாம் இப்போது நம்ம தலையில்.

வருமான வரிச் சலுகை இருக்கிறதே என்பார்கள். நாமே குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்கு வருடம் 2 லட்சம் வரை கழிவு உண்டு என்பது பழைய வரி முறையில். புதிய வரி முறையில் போகிறவர்களுக்கு அது கிடையாது. அலுவலகத்தில் எந்த முறையில் பிடிக்கிறார்கள் என்று தெரியாமலே சலுகையை நம்பி வீடு வாங்கியவர்களை நமக்குத் தெரியும்.

அப்படியானால் வாடகையே மேலா?

அவசரப்பட்டு அப்படிச் சொல்லி விட முடியாது. "வாடகை கொடுப்பது தண்டம்" என்று வீட்டு புரோக்கர் சொல்வதும் பாதி உண்மை, "வட்டி கட்டுவது தண்டம்" என்று மைத்துனர் சொல்வதும் பாதி உண்மை.

இன்றைய 26 ஆயிரமும் இருபது வருடம் கழித்து வரும் 26 ஆயிரமும் ஒன்றல்ல. விலைவாசி ஏற ஏறப் பணத்தின் மதிப்பு குறையும். தவணை பெரிதாக மாறாது; வாடகை ஏறிக் கொண்டே போகும். ஆகவே மொத்தத் தொகையான 62 லட்சத்தை அப்படியே நஷ்டம் என்று எழுத முடியாது. நாளைக்குக் காலி பண்ணு என்று யாரும் சொல்ல மாட்டார்கள் என்ற நிம்மதிக்கு எந்த வாய்ப்பாட்டில் விலை போடுவது?

நாம் குறை சொல்வது வேறு விஷயத்தை. கத்திரிக்காய் கிலோவுக்கு ஐந்து ரூபாய் பேரம் பேசுகிறோம். 30 லட்சம் கடனில் கால் சதவீத வட்டிக்கு வாய் திறப்பதில்லை. "தவணை எவ்வளவு?" என்று கேட்கிறோம். "மொத்தம் எவ்வளவு?" என்று கேட்பதில்லை.

கேட்டால் கிடைப்பவை

குமாஸ்தா வங்கிக்கு ஓடிய நாலாவது மாதம், 2023 ஆகஸ்ட் 18-ந் தேதி, ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. கடன்காரருக்குச் சரியாகச் சொல்லாமல் காலத்தை நீட்டுகிறார்கள் என்று புகார்கள் போயிருந்தன. வட்டி மாறும் போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன்காரருக்குத் தரப்பட வேண்டும். வங்கியின் கொள்கைப்படி நிலையான வட்டிக்கு மாறவும் வாய்ப்புக் கொடுக்க வேண்டும் என்ற கட்டாயமும் 2025 வரை இருந்தது. மாதாந்திர வட்டிக்குக் கூடப் போதாத தவணையாக நீட்டிக் கொண்டு போகக் கூடாது. மூன்று மாதத்துக்கு ஒரு முறை கணக்கு அறிக்கை: இது வரை வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு, பாக்கித் தவணை எத்தனை. வருகிறதா என்று பாருங்கள். வராவிட்டால் கேளுங்கள்.

2024 அக்டோபர் 1 முதல் புதிய கடன்களுக்கு முக்கிய விவர அறிக்கை ஒன்று தர வேண்டும். கட்டணங்களையும் சேர்த்து உண்மையான வருட வட்டி எவ்வளவு என்பதும், மாத வாரியாக அசல், வட்டிப் பிரிவும் அதில் இருக்கும். கையெழுத்துப் போடும் முன் அந்தத் தாளை வீட்டுக்கு எடுத்துப் போய்ப் படியுங்கள்.

தனி நபர் வாங்கிய மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் கிடையாது. இது பலருக்குத் தெரியவில்லை. 8.5 சதவீத 20 வருடக் கடனில் போனஸ் வரும் போது வருடத்துக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினால் மூன்று வருடத்துக்கு மேல் குறைகிறது. ஆறு லட்சம் போல மிச்சம். ஆரம்ப வருடங்களில் கட்டும் பணத்துக்குத்தான் பலன் அதிகம். ஆனால் கையிருப்பையெல்லாம் கொண்டு போய்க் கொட்டி விட்டு, ஆஸ்பத்திரிச் செலவுக்குக் கந்து வட்டிக்காரரிடம் போய் நிற்பதில் அர்த்தமில்லை.

தவணை தவறினால் என்ன ஆகும் என்பதை நம் தொழிலில் அடிக்கடி பார்க்கிறோம். 90 நாள் பாக்கி நின்றால் வாராக் கடன். 2002-ம் வருடச் சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். அதற்கும் பணம் வராவிட்டால் வீட்டுக் கதவில் நோட்டீஸ் ஒட்டுவார்கள். இரண்டு பத்திரிகைகளில் விளம்பரமும் வரும், ஒன்று ஊர் மொழிப் பத்திரிகை. தெருவே கூடி நின்று படிக்கும். அந்த வீட்டுப் பிள்ளைகள் பள்ளிக்கூடம் விட்டு வரும் நேரமாகப் பார்த்து நாம் ஒரு தடவை அங்கே இருந்தோம். அதை எழுதவில்லை.

2041 போய் 2039

நம்ம குமாஸ்தாவுக்கு வருவோம்.

2025-ல் காற்று திரும்பியது. பிப்ரவரி, ஏப்ரல், ஜூன், டிசம்பர் என்று ரெப்போ நாலு முறை இறங்கி 5.25-ல் வந்து நின்றது. குமாஸ்தாவின் வட்டி 8 சதவீதம் ஆனது. தவணையைக் குறைத்துக் கொள்கிறீர்களா என்று வங்கியில் கேட்டார்கள்.

"வேண்டாம், 27,454-ஏ இருக்கட்டும்னு சொல்லிட்டேன். கை கொஞ்சம் அரிச்சுது தம்பி, பொய் சொல்லலை. பையனுக்கு காலேஜ் பீஸ் இருக்கு. ஆனா வீட்டுல ஒரே வார்த்தை: 'அந்த மெஷின் சத்தம் நின்னாத்தான் எனக்குத் தூக்கம் வரும், சீக்கிரம் முடிங்க'ன்னுடுச்சு."

2041 பிப்ரவரியில் முடிய வேண்டிய கடன், வட்டி இப்படியே நின்றால் 2039 ஆரம்பத்தில் முடிந்து விடும். அப்போது அவருக்கு 59. கடன் அடைந்ததும் வங்கி 30 நாளுக்குள் அசல் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும் என்று 2023-ல் வந்த உத்தரவையும் நறுக்கி நோட்டில் ஒட்டி வைத்திருக்கிறார்.

மண்டியில் அவர் மேஜைக்குப் பின்னால் ஒரு தினசரி காலண்டர் தொங்குகிறது. ஒவ்வொரு மாதமும் தவணை போன மறுநாள் அதன் அட்டையில் பென்சிலால் ஒரு எண்ணை அழித்து, ஒன்று குறைத்து எழுதுகிறார். நாம் போன அன்றும் அழித்தார். முதலாளி எட்டிப் பார்த்து, "என்னய்யா அது, கிரிக்கெட் ஸ்கோரா?" என்றார்.

"ஆமாங்க, சேஸிங்" என்று சொல்லி விட்டு, 5.40 மின்சார ரயிலைப் பிடிக்க பீச் ஸ்டேஷனை நோக்கி நடந்தார்.